கேம்ல சத்தம் வருதில்ல சேர்



கொஞ்சம் நீளமான பதிவு. எழுதுவதா விடுவதா என்று இரண்டு மாதமாக யோசித்துக்கொண்டிருந்தேன். சம்பந்தப்பட்ட பிள்ளையின் உம்மாவிடமும், கட்டாரில் இருக்கிற வாப்பாவிடமும் கேட்டேன். "எழுதுங்க சேர், நாலு பேருக்கு உதவும்" என்றார்கள். பிள்ளையின் பெயரோ பாடசாலையின் பெயரோ இதில் இல்லை. ஊரில் சிலருக்கு யார் என்று விளங்கலாம். விளங்கினாலும் தயவு செய்து கொமன்ட்டில் எழுத வேண்டாம்.

ஊரில் பாதிப் பேருக்கு என்னை "போன் சேர்" என்றுதான் தெரியும். 2020 மார்ச்சில் பாடசாலைகளை மூடி, பாடமெல்லாம் வட்ஸ்அப்புக்கு வந்தபோது ஒட்டிக்கொண்ட பெயர் இது. அப்போது பெற்றோருக்கு ஒவ்வொருவராகக் கோல் எடுத்து, "பச்சைப் படத்தை அமத்துங்க, இனி மேல மூணு புள்ளி இரிக்கும், அதை அமத்துங்க" என்று சொல்லிக் கொடுத்தேன். பாடசாலை திறந்த பிறகும் அந்த வேலை என்னை விடவில்லை. இஷாவுக்குப் பிறகு எங்கள் வீட்டு முன்வாசலில் யாராவது ஒரு போனோடு உட்கார்ந்திருப்பார்கள். நான் படித்தது போன் திருத்த இல்லை. அட்டாளைச்சேனை ஆசிரியர் கலாசாலையில் படித்தது பிள்ளைகளுக்குப் படிப்பிக்க. இதைச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது, பிறகு வருகிறேன்.

வருகிற முறைப்பாடுகளில் அடிக்கடி வருவது: "கேம்ல சத்தம் வருதில்ல சேர்." யூடியூப்பில் வருகிறது, கோல் வந்தால் ரிங் அடிக்கிறது, கேமைத் திறந்தால் ஊமை. இதைக் கேட்டதும் முன்பு சிரிப்பு வரும். கேம்தானே, சத்தம் வராவிட்டால் நல்லதுதானே என்று நினைப்பேன். ஆனால் அழுதுகொண்டு நிற்கிற பிள்ளைக்கு முன்னால் அப்படிச் சொல்ல ஏலாது. பார்த்துக் கொடுப்பேன்.

அனேகமாக மிகச் சின்ன விசயமாகத்தான் இருக்கும். போனில் ஒரே ஒரு சத்தம்தான் இருக்கிறது என்று நாம் நினைக்கிறோம். அப்படியில்லை. ரிங்குக்கு ஒன்று, அலாரத்துக்கு ஒன்று, கோல் பேச ஒன்று, வீடியோவுக்கும் கேமுக்கும் மீடியா என்று ஒன்று. ரிங் உச்சியில் இருக்கும், மீடியா பூச்சியத்தில் கிடக்கும். அன்ரொயிட் 9க்கு முந்திய பழைய போன்களில் பக்கத்துப் பட்டனை அமத்தினால் கூடுவதும் குறைவதும் பெரும்பாலும் ரிங்தான். பிள்ளை பட்டனை உடையும்வரை அமத்தும், கேம் அசையாது. கேமைத் திறந்து வைத்துக்கொண்டு அமத்த வேண்டும், அல்லது செட்டிங்ஸில் போய் மீடியா என்று இருப்பதை இழுத்து விட வேண்டும்.

ஐபோன்காரர்களின் கதை வேறு. ஜும்ஆவுக்குப் போகும்போது பக்கத்தில் இருக்கிற சின்ன ஸ்விட்ச்சைத் தட்டிச் சத்தத்தை நிறுத்துவோம். திரும்பி வந்து மறந்துவிடுவோம். யூடியூப் பாடும், பேஸ்புக் வீடியோ பேசும், கேம் மட்டும் பேசாது. நிறையக் கேம்கள் அந்த ஸ்விட்ச்சுக்குக் கட்டுப்படுகிற மாதிரிச் செய்யப்பட்டிருக்கின்றன, வீடியோ அப்படியில்லை. இயர்போன் குத்தினால் அதே கேமில் சத்தம் வரும், அதனால் ஆட்கள் ஸ்பீக்கர் பழுது என்று நினைத்துவிடுவார்கள். இப்படி ஸ்பீக்கர் மாற்றக் கொடுக்கவிருந்த ஒருவருக்கு ஸ்விட்ச்சைத் தட்டி விட்டுக் கொடுத்தேன். அவர் எனக்கு ஒரு கிலோ மாம்பழம் கொண்டு வந்து தந்தார்.

புளூடூத் கதை இன்னும் பகிடி. ஒரு சாச்சி பேரனின் போனோடு வந்தா. கேமில் ஒரு சொட்டுச் சத்தம் இல்லை. அவவைக் கூட்டி வந்த மகன் திரீவீலை எங்கள் கேட்டுக்கு வெளியே நிறுத்திவிட்டு உள்ளே வந்தார். கொஞ்ச நேரத்தில் பக்கத்து வீட்டார் எட்டிப் பார்த்துக் கேட்கிறார், "யாருடைய திரீவீல், ஆளில்லாம வெடிச் சத்தம் கேக்குது?" என்று. போன் திரீவீல் செட்டோடு இணைந்திருந்தது. அத்தனை துப்பாக்கிச் சூடும் தெருவில் நடந்திருக்கிறது.

இன்னும் இரண்டைச் சொல்லிவிடுகிறேன், உதவும். புளூடூத் இயர்போன் போட்டுக்கொண்டு கேமில் கூட்டாளிமாரோடு பேச மைக்கைத் திறந்தால், போன் அதைக் கோல் மாதிரி எடுத்துக்கொள்ளும். அப்போது சத்தம் அமுங்கி, வாளிக்குள் இருந்து வருகிற மாதிரி இருக்கும். மைக்கை மூடினால் சரி. அடுத்தது, இயர்போனைக் கழற்றிய பிறகும் மேலே ஹெட்செட் படம் போகாமல் நிற்பது. ஓட்டைக்குள் ஈரமோ பஞ்சோ இருந்தால் இன்னும் குத்தியிருப்பதாகப் போன் நம்பிக்கொண்டிருக்கும், ஸ்பீக்கருக்குச் சத்தத்தை விடாது. இயர்போனை முழுசாகக் குத்திக் குத்தி இரண்டு மூன்று தரம் எடுத்தால் அனேகமாகச் சரிவரும். ஊசி, குண்டூசி போட்டுக் கிண்ட வேண்டாம். கேமை அழித்துத் திரும்பப் போடுவதைக் கடைசிக்கு வையுங்கள். கணக்கை இணைக்காமல் "கெஸ்ட்" ஆக விளையாடுகிற பிள்ளை என்றால் அத்தனை நாள் உழைப்பும் போய்விடும். நமக்கு அது விளையாட்டு, அதற்கு அது சொத்து.

இனி விசயத்துக்கு வருகிறேன்.

ஒரு வெள்ளிக்கிழமை அஸர் தொழுதுவிட்டு வந்து தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்தேன். என்னிடம் தரம் 7இல் படிக்கிற பையன் ஒருவன் கேட்டடியில் நின்றான். பாடசாலையில் என்னிடம் அதிகம் பேசாத பிள்ளை. உண்மையைச் சொன்னால், நானும் அவனிடம் நல்ல மாதிரிப் பேசியதில்லை.

"என்ன மகன்?"

"கேம்ல ஒரு பக்கம் சத்தம் வருதில்ல சேர்."

ஒரு பக்கம் என்றது எனக்குப் புதிது. உட்கார வைத்துக் கேட்டேன். பப்ஜி விளையாடுகிறான். நாலு பேர் ஒரு அணி, எல்லாம் நம் தெருப் பிள்ளைகள். எதிரி நடந்து வந்தால் காலடிச் சத்தம் கேட்கும். இயர்போன் போட்டிருந்தால் வலப்பக்கம் வருகிறானா இடப்பக்கம் வருகிறானா என்று அந்தச் சத்தத்தை வைத்தே சொல்லிவிடலாம். மற்ற மூன்று பேரும் சொல்கிறார்கள், இவனுக்கு ஏலவில்லை. வலப்பக்கத்தால் வந்து சுட்டுவிட்டுப் போய்விடுகிறார்கள். "உன்ட போன் குப்பைடா" என்று சொல்லி அணியில் இருந்து எடுக்கப் போகிறார்களாம்.

உம்மா ஏற்கனவே இரண்டு இயர்போன் வாங்கிக் கொடுத்திருக்கிறா. இரண்டிலும் அதே கதை. ஒரு கடையில் கொடுத்து, போனை முழுசாக அழித்துத் திரும்பப் போட்டும் பார்த்திருக்கிறார்கள். அதற்கும் காசு போயிருக்கிறது. பிரச்சினை போகவில்லை.

நான் என் வழியில் தொடங்கினேன். ஒரு பக்கம் மட்டும் வராவிட்டால் முதலில் பார்ப்பது இயர்போன் முழுசாகக் குத்தியிருக்கிறதா என்று. அந்தக் குத்தியில் கறுப்புக் கோடுகள் பிரித்த வளையங்கள் இருக்கும். நுனி இடக் காதுக்கு, அதற்கடுத்த வளையம் வலக் காதுக்கு. அரைகுறையாகக் குத்தினால் ஒரு பக்கம் போகும். முழுசாகத்தான் இருந்தது. அடுத்தது, செட்டிங்ஸில் அக்செசிபிலிட்டி என்ற இடத்தில் இடது வலது சத்தத்தைச் சமப்படுத்துகிற கோடு ஒன்று இருக்கிறது. யாராவது தெரியாமல் இழுத்து விட்டால் ஒரு பக்கம் செத்துவிடும். அது நட்ட நடுவில் நின்றது. கேமுக்குள் சத்த செட்டிங்ஸ் எல்லாம் உச்சியில்.

யூடியூப்பில் இடம், வலம் என்று மாறி மாறிச் சொல்கிற ஒரு வீடியோவைப் போட்டு இயர்போனை நான் மாட்டினேன். இடம் கேட்டது. வலமும் கேட்டது. தெளிவாக.

"இரண்டும் கேக்குதேடா?"

அவன் மாட்டினான். "இடம் மட்டும்தான் சேர்."

திரும்ப நான். இரண்டும். திரும்ப அவன். இடம் மட்டும். வலக் காதில் சரியாகப் பொருந்தவில்லை என்று நினைத்து, ரப்பரை மாற்றி நானே வைத்துவிட்டேன். இல்லை.

பிறகு செய்ததை யோசித்துச் செய்யவில்லை, பழக்கத்தில் செய்தேன். வயரில் பழுதா ஸ்பீக்கரில் பழுதா என்று பார்க்க இரண்டையும் மாற்றிப் போடுவோமே, அந்த மாதிரி. இடது இயர்போனை அவன் வலக் காதிலும் வலதை இடக் காதிலும் வைத்தேன். போனில் பழுது என்றால் இப்போது கேட்காத பக்கம் மாறியிருக்க வேண்டும்.

"இப்ப சொல்லு மகன்."

கொஞ்சம் கேட்டான். முகம் மலர்ந்துவிட்டது. "இப்ப வலம் கேக்குது சேர்! சரியாகிட்டு!"

"இடம்?"

"இடம் இப்ப கேக்குதில்ல."

வலது இயர்போன் இருந்தது அவனுடைய இடக் காதில்.

எனக்கு உடனே விளங்கிவிட்டது. விளங்கியதை நம்ப ஏலாமல் இருந்தது. அவனுக்கு விளங்கவில்லை. பாதிப் பிழை திருத்தியாகிவிட்டது, மீதியையும் சேர் திருத்துவார் என்ற மாதிரி என்னைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

இயர்போனைக் கழற்றச் சொன்னேன். அவனுக்குப் பின்னால் போய் நின்று, இடக் காதை விரலால் மூடிக்கொள்ளச் சொல்லி, வலப்பக்கம் ஒரு கையளவு தூரத்தில் மெதுவாகச் சொன்னேன்: "ஏழு, நாலு, ரெண்டு." அவன் ஒன்றும் சொல்லவில்லை. காத்துக்கொண்டிருந்தான். நான் இன்னும் தொடங்கவில்லை என்று நினைத்துக்கொண்டிருந்தான். மறு காதை மூடச் சொல்லி இடப்பக்கம் சொன்னேன். "ஏழு, நாலு, ரெண்டு" என்று அப்படியே சொன்னான்.

மஃரிப் பாங்கு சொன்னது. "வா, பள்ளிக்குப் போவோம், போனை உம்மாவோட வந்து எடு" என்றேன். அன்று தொழுகையில் என் மனம் நிற்கவில்லை. அல்லாஹ் மன்னிக்கட்டும்.

ஏன் என்று சொல்ல வேண்டும். எங்கள் வகுப்பு ஒரு நீள மண்டபத்தில். மூன்று வகுப்புகள், இடையில் சுவர் இல்லை, பலகை மறைப்புத்தான். அந்தப் பக்கம் கணிதம், இந்தப் பக்கம் ஆங்கிலம், மேலே கிரீச்சிடுகிற காற்றாடி. இந்தப் பிள்ளை இருந்தது இடப்பக்கச் சுவரோரம், கடைசிக்கு முதல் வரிசையில். அதாவது வகுப்பு முழுவதும், நானும் சேர்த்து, அவனுடைய வலப்பக்கம். கேட்கிற காதுக்குப் பக்கத்தில் இருந்தது சுவர்.

கூப்பிட்டால் திரும்ப மாட்டான். மூன்றாம் தரம் கூப்பிட்டால் திரும்புவான், அதுவும் வேறு பக்கம் பார்ப்பான். வகுப்பே சிரிக்கும். சிரிக்க வைப்பதற்காகச் செய்கிறான் என்று நினைத்தேன். ஒரு நாள் பாடம் முடியும்வரை வெளியே நிற்க வைத்தேன். இரண்டாம் தவணை அறிக்கையில் என் கையால் எழுதினேன்: "வகுப்பில் கவனம் போதாது. அலட்சியம் உண்டு."

நான் ஆசிரியர் கலாசாலையில் படித்தவன் என்று மேலே சொன்னேன். காது குறைந்த பிள்ளை எப்படி நடந்துகொள்ளும் என்று அங்கே எங்களுக்குப் படிப்பித்தார்கள். கேள்வியைத் திரும்பக் கேட்பது, தலையை ஒரு பக்கம் சாய்ப்பது, மற்றப் பிள்ளையைப் பார்த்துச் செய்வது, பெயர் சொன்னால் வேறு திசையில் பார்ப்பது. அன்றிரவு பழைய நோட்டை எடுத்துப் பார்த்தேன். என் கையெழுத்தில் அப்படியே இருக்கிறது. பரீட்சைக்கு அடிக்கோடும் போட்டிருக்கிறேன்.

மறுநாள் உம்மா வந்தா. என் மனைவியும் பக்கத்தில் இருந்தா. மெதுவாகச் சொன்னோம். முதலில் அவ நம்பவில்லை. "இல்ல சேர், வீட்டுல நல்லாக் கேக்குமே, வாப்பாவோட கோல்ல பேசுறானே" என்றா. எந்தக் காதில் போனை வைப்பான் என்று கேட்டேன். யோசித்தா. இடக் காதில்தான், எப்போதும். வலக் கையால் எடுத்து இடக் காதுக்குக் கொண்டு போவானாம்.

பிறகு ஒவ்வொன்றாக அவவே சொல்லத் தொடங்கினா. எனக்கு மறக்காதது ஸஹர் கதை. நோன்பு காலத்தில் ஸஹருக்கு எழுப்பினால் சில நாள் ஒரு சத்தத்தில் எழும்புவான், சில நாள் தொண்டை கிழியக் கத்தினாலும் அசைய மாட்டானாம். "அவனுக்கு மனசிருந்தா எழும்புவான் இல்லாட்டி இல்ல எண்டு நினைச்சி, தண்ணிய ஊத்தியிருக்கேன் சேர்." எந்தப் பக்கம் சரிந்து படுத்திருந்தான் என்பதுதான் விசயம். நல்ல காது தலையணைக்குள் போன நாட்களில் அவன் ஒன்றையும் கேட்டிருக்க மாட்டான். இதைச் சொல்லிவிட்டு அவ அழுதா. என் மனைவி உள்ளே கூட்டிக்கொண்டு போனா.

ஒரு காது நல்லா இருந்தால் வீட்டுக்குள் ஒன்றும் தெரியாது. பேச்சு வரும், ஓதல் வரும், கோல் பேசலாம். இரண்டு காது வேண்டியது எங்கே என்றால், சத்தம் எங்கிருந்து வருகிறது என்று அறியவும், இரைச்சலுக்குள் ஒருவரின் பேச்சைப் பிரித்தெடுக்கவும். வலப்பக்கச் சத்தம் வலக் காதுக்கு முந்தி வரும், இடக் காதுக்குப் பிந்தி வரும். வித்தியாசம் ஒரு மில்லி செக்கன்டுக்கும் குறைவு. மூளை அதைக் கணக்குப் பார்த்துத்தான் "வலப்பக்கம்" என்று சொல்கிறது. ஒரு காது இல்லையென்றால் கணக்குப் பார்க்க ஒன்றும் இல்லை. அமைதியான வீட்டில் தெரியாதது, என் இரைச்சல் வகுப்பிலும், காலடிச் சத்தத்தை வைத்துத் திசை கேட்கிற கேமிலும் வெளியே வந்தது. வகுப்பில் வந்ததை நான் அலட்சியம் என்று எழுதினேன். கேமில் வந்ததை அவன் போன் பழுது என்று நினைத்தான். கேம் விளையாடுவது நல்லதா கூடாதா என்று யாரும் இங்கே சண்டை பிடிக்க வேண்டாம். எனக்கும் பிள்ளைகள் இரவு பதினொரு மணிவரை அதில் கிடப்பது பிடிக்காது. நடந்ததைச் சொல்கிறேன்.

அவனுடைய மாமா திரீவீலில் உம்மாவையும் பிள்ளையையும் ஏற்றிக்கொண்டு வர, நான் மோட்டார் சைக்கிளில் பின்னால் போனேன். முதல் நாள் வைத்தியசாலையில் ஓ.பீ.டி.யில் காட்டி, காது மூக்குத் தொண்டை க்ளினிக்குக்குத் துண்டு எடுத்தோம். க்ளினிக் நாளில் நீண்ட நேரம் இருந்தோம். காதுக்குள் ஊத்தையா, சவ்வில் ஓட்டையா என்று டொக்டர் பார்த்தார். இரண்டும் இல்லை. உள்ளுக்குள் எனக்கு ஆசை இருந்தது, ஊத்தையாக இருந்தால் கழுவி விட்டால் போய்விடுமே என்று.

பிறகு கேள்திறன் பரிசோதனை. கண்ணாடி போட்ட சின்ன அறை, ஹெட்போன், கையில் ஒரு பட்டன். சத்தம் கேட்டால் அமத்த வேண்டும். இடக் காதுக்கு அவன் சடசடவென்று அமத்தினான், கேமில் சுடுகிற மாதிரி. வலக் காதுக்கு மாறியதும் விரல் நின்றுவிட்டது. பட்டனில் விரலை வைத்தபடி, எங்களைக் கண்ணாடிக்குள்ளால் பார்த்துக்கொண்டிருந்தான். அப்போதுதான் அவனுக்கு விளங்கியிருக்க வேண்டும்.

இடக் காது முழுச் சுகம். வலக் காதில் கிட்டத்தட்ட ஒன்றுமில்லை, நரம்புப் பக்கத்துக் குறை என்றார்கள். டொக்டர் நிறையக் கேள்வி கேட்டார். தலையில் அடி பட்டதா, மூளைக் காய்ச்சல் வந்ததா, கூகைக்கட்டு வந்ததா? கூகைக்கட்டு என்றதும் உம்மா நிமிர்ந்தா. தரம் 1இல் இருக்கும்போது ஒரு கிழமை கன்னம் வீங்கிக் காய்ச்சலோடு கிடந்தானாம். அதன் பிறகு ஒரு பக்கக் காது போவது உண்டு, அதுவாக இருக்கலாம், ஆனால் இப்போது உறுதியாகச் சொல்ல ஏலாது என்றார் டொக்டர். ஸ்கேன் ஒன்றுக்கும் எழுதினார்.

அதற்கிடையில் டொக்டர் பாடசாலை அறிக்கை ஏதும் இருக்கிறதா என்று கேட்டார். உம்மா பைலில் இருந்து எடுத்துக் கொடுத்தா. அவர் வாசித்தார். பக்கத்தில் நான் நின்றேன். "வகுப்பாசிரியர் நீங்களா?" என்று கேட்டார். ஓம் என்றேன். வேறு ஒன்றும் சொல்லவில்லை, அறிக்கையை மடித்துக் கொடுத்துவிட்டார். ஏசியிருந்தால் எனக்கு லேசாக இருந்திருக்கும்.

சாதாரணமாகக் காதில் மாட்டுகிற மெசின், கேள்வி கொஞ்சமாவது மிச்சம் இருக்கிற காதுக்குத்தான் உதவும். இவனுக்கு இருக்கிற வழி, கேளாத பக்கத்துச் சத்தத்தைப் பிடித்து நல்ல காதுக்குக் கடத்துகிற கருவி. விலை இருக்கிறது. வாப்பா கட்டாரில் இருந்து விசாரித்துக்கொண்டிருக்கிறார். அதுவரை டொக்டர் சொன்ன முக்கியமான ஒன்று, இருக்கிற காதைப் பத்திரமாக வைப்பது. உலக சுகாதார நிறுவனம் பிள்ளைகளுக்குச் சொல்கிற அளவு 75 டெசிபல், அதுவும் கிழமைக்கு 40 மணித்தியாலத்துக்குள். டெசிபலை நாம் எதைக் கொண்டு அளப்பது? நான் அவனுக்குச் சொல்லிக் கொடுத்தது, சத்தக் கோட்டைப் பாதிக்கு மேல் ஏற்றாதே, இயர்போன் போட்டிருக்கும்போது பக்கத்தில் உம்மா பேசினால் கேட்க வேண்டும் என்று. கேட்காவிட்டால் அது கூட. அவன் ஒரு பக்கம் கேட்கவில்லையே என்று மாதக்கணக்காக உச்சியில் வைத்து விளையாடியிருக்கிறான். நல்ல காதுக்குள் அத்தனையும் போயிருக்கிறது.

அடுத்தது மோனோ ஓடியோ. இதை எத்தனை பேர் அறிவீர்களோ தெரியாது. அதே அக்செசிபிலிட்டிக்குள்தான் இருக்கிறது. சில போன்களில் ஹியரிங் என்றும், ஐபோனில் ஓடியோ, விசுவல் என்றும் இருக்கிற பகுதிக்குள் தேடுங்கள். அதைப் போட்டால் இடது வலது இரண்டு பக்கத்துச் சத்தமும் கலந்து ஒன்றாகி இரண்டு இயர்போனுக்கும் வரும். ஒரு காதால் கேட்பவர் ஒன்றையும் இழக்க மாட்டார். நம் ஊரில் ஒரு காது மந்தமான வாப்பாமார், பெரியம்மாமார் எத்தனை பேர் பயானை இயர்போனில் கேட்கிறார்கள். அவர்களுக்கும் போட்டுக் கொடுங்கள்.

மோனோ போட்டதும் பையன் சொன்னான், "இப்ப எல்லாம் கேக்குது சேர், ஆனா எந்தப் பக்கம் எண்டு தெரியுதில்ல." சரிதான், திசை அதில் வராது. அதற்கு அவனே வழி கண்டுபிடித்தான். திரையின் மூலையில் சின்ன வரைபடம் இருக்கிறது, பக்கத்தில் யாராவது நடந்தால் அதில் கால் அடையாளம் தெரியும். இப்போது அதைப் பார்த்து விளையாடுகிறான். அணியில் இருந்து எடுக்கவில்லை.

வீதிக்கு அப்படி வரைபடம் இல்லை. சைக்கிளில் போகும்போது பின்னால் ஹோர்ன் அடித்தால் எந்தப் பக்கம் ஒதுங்குவது என்று அவனுக்குத் தெரியாது. திரும்பிப் பார்த்து, பிறகு ஒதுங்கு என்று பழக்கியிருக்கிறோம். சைக்கிளுக்கு வலப்பக்கக் கண்ணாடி ஒன்று மாமா போட்டுக் கொடுத்தார். ஓதப் போகிற இடத்தில் ஹஸ்ரத்திடமும் சொன்னோம். அவர் தன் வலப்பக்கத்தில் இருத்திவிட்டார். இரண்டு பேரும் முன்னுக்குப் பார்த்து இருந்தால் அவருடைய குரல் இவனுடைய இடக் காதுக்கு வரும். எனக்குத் தோன்றாதது அவருக்கு உடனே தோன்றியது. வகுப்பில் இப்போது முதல் வரிசையில், வலப்பக்கச் சுவரோரம் இருக்கிறான். சுவர் இப்போது கேளாத காதுக்குப் பக்கத்தில். கணித சேரிடமும் ஆங்கில டீச்சரிடமும் சொன்னேன். மூன்றாம் தவணையில் எல்லாப் பாடத்திலும் முதலாம் பிள்ளை ஆகிவிடவில்லை. விஞ்ஞானம் கூடியிருக்கிறது, கணிதம் அப்படியே கிடக்கிறது. ஆனால் கை உயர்த்துகிறான்.

வகுப்புக்கு முன்னால் அவனிடம் மன்னிப்புக் கேட்டேன். என்ன செய்வதென்று தெரியாமல் மேசையைப் பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு, "பரவால்ல சேர்" என்றான், நான் அவனுடைய பேனாவைத் தொலைத்துவிட்ட மாதிரி.

பெற்றோரே, இயர்போன் மாட்டுகிற பிள்ளை "ஒரு பக்கம் வருதில்ல" என்று சொன்னால் புது இயர்போன் வாங்க முன்னர் இரண்டையும் மாற்றிப் போட்டுப் பாருங்கள். கேட்காத பக்கம் மாறினால் இயர்போன் அல்லது போன். மாறாமல் அதே காதில் நின்றால் வைத்தியரிடம் போங்கள். இது பரிசோதனை அல்ல, போக வேண்டுமா என்று அறிய ஒரு வழி மட்டும். நேற்றுவரை நல்லாக் கேட்ட காது இன்று திடீரென்று கேட்கவில்லை என்றால், பெரியவர்களாக இருந்தாலும், தைலம் விட்டுப் பார்த்துக்கொண்டு இருக்க வேண்டாம். அன்றே, ஏலாவிட்டால் மறுநாளே காட்டுங்கள். அதற்கான மருந்து ஆரம்ப நாட்களில்தான் நன்றாக வேலை செய்யும்.

போன கிழமை இஷாவுக்குப் பிறகு பையன் இன்னொரு பிள்ளையைக் கையில் பிடித்துக் கூட்டிக்கொண்டு வந்தான்.

"சேர், இவன்ட போன்ல கேம் சத்தம் ஒரு பக்கம் வருதில்லயாம்."

எனக்கு நெஞ்சு ஒரு தரம் அடித்தது. இயர்போனை எடுக்கக் கை நீட்டினேன்.

"நான் மாத்திப் போட்டுப் பாத்துட்டேன் சேர்," என்றான், பெரிய டொக்டர் மாதிரி. "இவனுக்கு ஒண்டுமில்ல. போன்தான் பிழை."

ஓட்டைக்குள் டோர்ச் அடித்துப் பார்த்தோம். அரை அங்குலத்துக்குக் காற்சட்டைப் பைப் பஞ்சு.